ஒரு வாளி நல்ல தண்ணீர்

“வாத்தியாரே, உங்க சிஷ்யன் என்னை மூணு திருவிழாவா அடிச்சு விழத்தட்டுதான். அவனை எப்படி அடிக்கணும்னு நீங்கதான் எனக்குச் சொல்லித்தரணும்.”

இஞ்ஞாசி இதைச் சொல்லிவிட்டு வாளியைக் கீழே வைத்தான். நல்ல தண்ணீர். வாய் வரைக்கும் இருந்தது.

தஸ்நேவிஸ் வாத்தியார் வாளியைப் பார்த்தார். இஞ்ஞாசியைப் பார்த்தார். மறுபடியும் வாளியைப் பார்த்தார்.

“வழியில சிந்திச்சா?”

“ரெண்டு கை சிந்திட்டு.”

“நடக்கவே தெரியல,” என்றார் வாத்தியார். “உள்ள வா.”

*

சிப்பிமுனையில் எங்கே தோண்டினாலும் கடல்தான் வரும். கோழி கிளறினால்கூட உப்புத் தண்ணீர் ஊறும். குடிக்கிற தண்ணீர் வேண்டுமானால் ஊரைத் தாண்டி, செம்மண் மேடான தேரியைத் தாண்டி, ஊற்றுக்குப் போக வேண்டும். அங்கிருந்து ஒரு வாளி கொண்டு வருவதற்குள் கை ஒரு முழம் நீண்டுவிடும். சிப்பிமுனை ஆட்களுக்குக் கை நீளம், அதனால்தான் அவர்கள் குத்துச்சண்டைக்காரர்கள் ஆனார்கள் என்று ஒரு பேச்சு உண்டு.

ஊரில் இரண்டு குத்துச்சண்டைக் கூடங்கள். வடக்குக் கூடம் உப்புமூட்டை அடுக்கிவைத்திருந்த பழைய கிட்டங்கியில். தெற்குக் கூடம் மூடிப்போன ஐஸ் கம்பெனியில்.

இரண்டு கூடத்துக்கும் பொதுவாக ஒரு வழக்கம் இருந்தது. ஊற்றிலிருந்து ஒரு வாளி நல்ல தண்ணீர் சுமந்து வந்து கூடத்து வாசலில் வைப்பவன் யாராக இருந்தாலும், எதிராளியாகவே இருந்தாலும், அவன் கேட்கிற ஒன்றை வாத்தியார் சொல்லிக்கொடுத்தே ஆகவேண்டும். தண்ணீரோடு வந்த வாளி திரும்பிப் போகாது. அது அந்தக் கூடத்துக்குத்தான்.

வழக்கம் இருந்தது. அதை யாரும் செய்து ஊர் பார்த்ததில்லை. பட்டப்பகலில் வாளி தூக்கிக்கொண்டு எதிராளி வாசலுக்கு நடப்பதைவிட நாலு பல்லைக் கொடுத்துவிடலாம் என்று எல்லாரும் நினைத்தார்கள். பல் விஷயத்தில் சிப்பிமுனை எப்போதுமே தாராளம்.

இஞ்ஞாசி நடந்தான். கடைத்தெரு வழியாகவே நடந்தான். டீக்கடையில் ஒருவன் விசிலடித்தான். மீன்காரி ஒருத்தி, “எங்க வீட்டுக்கும் ஒரு வாளி ஊத்திட்டுப் போ மக்கா,” என்றாள். இஞ்ஞாசி கையை மாற்றிக்கொண்டான், நிற்கவில்லை.

அவனுக்கு வேறு வழியில்லை. முப்பத்தைந்து முடிந்தவனுக்குத் திருவிழா ரிங்கில் இடம் கிடையாது. அவனுக்கு இந்த மார்கழியோடு முடிகிறது. மாதா கோயில் திருவிழா அதற்கு முன்னால் ஒரே ஒரு தடவை வரும்.

பெலவேந்திரனை அவன் ஒரு தடவை ஜெயிக்க வேண்டும். ஒரே ஒரு தடவை.

*

புறப்படும்போது பெண்டாட்டி ஞானப்பூ வாசலை மறித்துக்கொண்டு நின்றாள்.

“இது எங்கம்மா சீராக் குடுத்த எவர்சில்வர் வாளி.”

“தெரியும்.”

“திரும்பி வருமா?”

“வராது.”

“நீரு?”

“நான் வருவேன்.”

“வாளி வந்தா நல்லாருக்கும்,” என்று சொல்லிவிட்டு வழியை விட்டாள்.

அவனுடைய சொந்த வாத்தியார் குருசுவிடம்தான் சொல்ல அவனுக்குப் பயம். குருசு வாத்தியாரும் தஸ்நேவிஸும் பேசி இருபது வருஷம். தெற்கிலிருந்து காற்றடித்தால் குருசு ஜன்னலைச் சாத்துவார். தஸ்நேவிஸ் வடக்கே தலைவைத்துப் படுக்கமாட்டார். சாஸ்திரம் பார்க்கிறார் என்று ஊர் நினைத்தது. அவர் பார்த்தது குருசுவை.

போதாததற்குக் குருசுவின் தொண்டை. வடக்குக் கூடத்துக்கு மேலே காக்காய் பறப்பதில்லை, சுற்றிக்கொண்டுதான் போகும்.

அந்தத் தொண்டை இஞ்ஞாசியிடம் பதினைந்து வருஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தது ஒரே வார்த்தைதான்.

“தாடையை இறக்குல!”

நல்ல அடி ஒன்று விழுந்துவிட்டால் இஞ்ஞாசி தாடையைத் தூக்கிச் சனத்தைப் பார்ப்பானாம். இது குருசு சொல்வது. அவன் கல்யாணத்தன்றும், தாலியைக் கட்டிவிட்டு அவன் நிமிர்ந்து சனத்தைப் பார்த்த நேரம், கோயிலின் கடைசி பெஞ்சியிலிருந்து அந்தச் சத்தம் வந்தது. இஞ்ஞாசிக்குக் கேட்கவேயில்லை. பாதிரியார்தான் தன் தாடையை இறக்கிக்கொண்டார்.

இஞ்ஞாசி வாளியோடு குருசுவின் முன்னால் போய் நின்று விஷயத்தைச் சொன்னபோது, கூரை பறக்கப்போகிறது என்று காதைத் தயாராக வைத்துக்கொண்டான்.

குருசு வாத்தியார் கயிறு தாண்டுபவர்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். திரும்பவில்லை.

“மேல ஒரு துணியைப் போட்டுக் கொண்டு போ. காக்கா வாய் வெச்சிரும்,” என்றார்.

அவ்வளவுதான் சொன்னார்.

*

தஸ்நேவிஸ் வாத்தியார் பேச்சில் கஞ்சன். அவர் மூக்கு எத்தனை தடவை உடைந்தது என்று அவருக்கே தெரியாது. வாடைக்காற்றுக்கு ஒரு பக்கமும் கச்சான் காற்றுக்கு இன்னொரு பக்கமும் அது தானாகச் சாயும். கடலுக்குப் போகிறவர்கள் விடிந்ததும் அவர் வீட்டுப் பக்கம் வந்து மூக்கைப் பார்த்துவிட்டுத்தான் வலையைத் தொடுவார்கள்.

ஐஸ் கம்பெனிக்குள் பெலவேந்திரன் மணல்மூட்டையை அடித்துக்கொண்டிருந்தான். துறைமுகத்தில் சரக்கு தூக்குகிறவன், இஞ்ஞாசியைவிட எட்டு வயசு இளையவன். அவன் அடித்தால் மூட்டை ஆடாது, உத்தரம் ஆடும்.

இஞ்ஞாசியையும் வாளியையும் பார்த்ததும் அடிப்பதை நிறுத்தினான்.

“என்ன அண்ணாச்சி, தண்ணி விக்க வந்தீயளா?”

“உன்னை அடிக்கப் படிக்க வந்திருக்கேன்.”

பெலவேந்திரன் சிரித்தான். பிறகு வாத்தியாரின் முகத்தைப் பார்த்தான். சிரிப்பு நின்றுவிட்டது.

“வாத்தியாரே, விளையாடுதீயளா? திருவிழாவுக்கு ஒரு மாசம்கூட இல்ல. எதிராளியைக் கூட்டுக்குள்ள விடுதீய!”

“வாளி வெச்சிருக்கான்.”

“வாளியைத் தூக்கி வெளிய போடுங்க.”

“நல்ல தண்ணி.”

“அப்ப நான் போறேன். நானா இவனான்னு நீங்களே சொல்லுங்க.”

“போ,” என்றார் வாத்தியார். “கதவைச் சாத்திட்டுப் போ. தண்ணியில தூசி விழுது.”

பெலவேந்திரன் கதவு வரைக்கும் போனான். கதவைச் சாத்தினான். உள்பக்கமாகத்தான்.

*

இஞ்ஞாசி சட்டையைக் கழற்றினான். கைக்குத் துணி சுற்ற ஆரம்பித்தான்.

“என்ன செய்த?” என்றார் வாத்தியார்.

“பயிற்சிக்கு.”

“சட்டையைப் போடு. வேர்க்குரு வரும்.”

அவனை ரிங்கின் மூலையில் ஒரு முக்காலியில் உட்காரவைத்தார். அவன் கொண்டுவந்த வாளியை அவன் காலடியில் வைத்தார். மடியில் ஒரு சின்னச் சாக்கை வைத்தார். சாக்கு நிறைய கல் உப்பு. பெலவேந்திரனைக் காட்டினார்.

“இவன் கதவைத் திறக்கும்போதெல்லாம் ஒரு கல் எடுத்து வாளியில போடு.”

“எந்தக் கதவு வாத்தியாரே?”

வாத்தியார் போய்விட்டார்.

அன்றைக்கு முழுக்க பெலவேந்திரன் ஆளை மாற்றி மாற்றிச் சண்டை போட்டான். இஞ்ஞாசி கண்ணைக் கொட்டாமல் பார்த்தான். ஐஸ் கம்பெனிக்கு ஒரே ஒரு கதவுதான், அதுவும் சாத்தியே இருந்தது.

சாயங்காலம் வாத்தியார் வந்தார். வாளிக்குள் ஒரு விரலைவிட்டு நாக்கில் வைத்தார்.

“உப்பு இல்ல. நாளைக்கு வா.”

மறுநாளும் அப்படித்தான். வாத்தியார் விரலை நக்கினார், தலையை ஆட்டினார், நாளைக்கு வா என்றார்.

இஞ்ஞாசி உப்பளத்தில் மூட்டை தூக்குகிறவன். காலையில் உப்புமூட்டை தூக்கிவிட்டு மதியத்துக்குமேல் வந்து உப்புச்சாக்கை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தான். முகத்துக்கு நேரே நின்று மூன்று தடவை பார்த்த ஆளை இப்போது முதுகுப் பக்கமும் விலாப் பக்கமும் பார்த்துக்கொண்டிருந்தான். பெலவேந்திரன் ஓய்வெடுக்கும்போதெல்லாம் வேண்டுமென்றே அவன் பக்கம் வந்து தண்ணீர் கேட்டான்.

“வேலைக்காரரே, ஒரு செம்பு தண்ணி.”

இஞ்ஞாசி மொண்டு கொடுத்தான்.

“உப்புக் கரிக்கல. நல்ல வேலைக்காரர்,” என்றான் பெலவேந்திரன்.

கூடத்து ஆட்கள் எல்லாரும் சிரித்தார்கள். இஞ்ஞாசி எழுந்து போகவில்லை. அவன் பற்களைக் கடித்த சத்தத்தைக் கேட்டு, கூரையில் எலி இருக்கிறது என்று ஒருவன் மேலே பார்த்தான்.

மூலையில் பழைய வாளி ஒன்று கிடந்தது. ஈரத்துண்டு போடுகிற வாளி. துருப்பிடித்திருந்தாலும் விளிம்பில் பச்சை வளையம் ஒன்று தெரிந்தது. வடக்குக் கூடத்தில் எல்லா வாளிக்கும் பச்சை வளையம் பூசியிருப்பார்கள்.

“வாத்தியாரே, இது எங்க கூடத்து வாளி மாதிரி இருக்கே?”

“வாளி எல்லாம் வாளி மாதிரிதான் இருக்கும்,” என்றார் தஸ்நேவிஸ்.

திருடியிருப்பார்கள் என்று இஞ்ஞாசி நினைத்துக்கொண்டான். தெற்குக் கூடத்துக்காரன் எதையும் செய்வான்.

*

ஒருநாள் மதியம் வெயில் கூரைத் தகரத்தைக் கிழித்துக்கொண்டிருந்தது. எல்லாரும் களைத்துப்போனார்கள். பெலவேந்திரனும் களைத்துப்போனான். எதிரே நின்றவனைக் கயிற்றில் சாய்த்துவைத்து, தன்னுடைய அந்தப் பெரிய வலக்கையை எடுத்தான்.

அப்போது இஞ்ஞாசி பார்த்தான்.

வலக்கை கிளம்புவதற்கு ஒரு கண்சிமிட்டலுக்கு முன்னால், தாடைக்குக் காவலாக நின்ற இடக்கை நாலு விரற்கடை கீழே இறங்கியது. இறங்கிவிட்டு, ஒன்றும் தெரியாத பிள்ளை மாதிரி மறுபடியும் மேலே போய் நின்றுகொண்டது.

இஞ்ஞாசியின் கை தானாகச் சாக்குக்குள் போனது. ஒரு கல்லை எடுத்து வாளியில் போட்டான்.

ப்ளக் என்று ஒரு சத்தம்.

ரிங்குக்கு அந்தப் பக்கம் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்த தஸ்நேவிஸ் கண்ணைத் திறக்கவில்லை. ஆனால் மூக்கு லேசாக இந்தப் பக்கம் திரும்பியது.

அதற்குப் பிறகு உப்பு நிற்கவில்லை. ஒவ்வொரு பெரிய வலக்கைக்கும் ஒரு கல். களைப்பு ஏற ஏறக் கற்கள் அதிகமாயின. எப்படி இதைப் பார்க்காமல் மூன்று தடவை நேரே நின்றோம் என்று இஞ்ஞாசிக்கு ஆச்சரியமாக இருந்தது. நேரே நின்றால் வலக்கையைத்தானே பார்க்கிறோம். அதுவும் ரொம்ப நேரம் பார்க்க முடிவதில்லை.

“என்னவே அங்க ப்ளக்கு ப்ளக்குன்னு?” என்று எரிந்து விழுந்தான் பெலவேந்திரன்.

“தவளை,” என்றான் இஞ்ஞாசி.

சாயங்காலம் வாத்தியார் விரலை வாளியில் விட்டு நாக்கில் வைத்தார். கொஞ்சம் யோசித்தார். இன்னொரு தடவை வைத்தார்.

“கஞ்சிக்குச் சரியா இருக்கும்,” என்றார். “நீ இனிமே வர வேண்டாம்.”

*

இஞ்ஞாசி எழுந்தான், போகாமல் நின்றான்.

“இன்னும் என்ன?”

“ஒண்ணு கேக்கணும்.”

“ஒரு வாளிக்கு ஒண்ணுதான்.”

“இது வித்தை இல்ல, சும்மா கேக்கேன். இவன் கை இறங்குறது உங்களுக்குத் தெரியும். நீங்க ஏன் இவன்ட்ட சொல்லல? என்கிட்ட எதுக்குச் சொல்லுதீய?”

வாத்தியார் அவனைப் பின்வாசலுக்குக் கூட்டிக்கொண்டு போனார். அங்கே ஒரு சுவர். சுவருக்கு அந்தப் பக்கம் ஒன்றும் இல்லை, கடல்தான்.

“அந்தச் சத்தம் கேக்குதா?”

“எந்தச் சத்தம்?”

வாத்தியார் சுவரில் சாய்ந்துகொண்டார்.

இஞ்ஞாசி காதைச் சாய்த்தான். கூடத்துக்குள் யாரோ கயிறு தாண்டுவது கேட்டது. தெருவில் ஐஸ்காரன் மணி கேட்டது. வேறு ஒன்றும் கேட்கவில்லை. பிறகுதான், மெதுவாக, கடல் கேட்டது. சுவரை இடித்துக்கொண்டு அது பாட்டுக்கு இரைந்துகொண்டிருந்தது. அவன் பிறந்ததிலிருந்து இரைந்துகொண்டிருக்கிறது.

“ஏழு வருஷமாச் சொல்லுதேன்,” என்றார் தஸ்நேவிஸ். “இடக்கையை இறக்காதல, இறக்காதலன்னு.”

“கேக்கலியா?”

“இப்பதான் நீயும் பாத்தியே.”

“அப்ப யாரு சொன்னாத்தான் கேப்பான்?”

வாத்தியார் இஞ்ஞாசியின் வலக்கையைப் பிடித்தார். ஒவ்வொரு விரலாக மடக்கினார். கட்டைவிரலை அதன்மேல் பூட்டினார். நன்றாகப் பூட்டியிருக்கிறதா என்று ஒரு தடவை அழுத்திப் பார்த்தார். பிறகு அந்தக் கையை அவனிடமே திருப்பிக் கொடுத்தார்.

*

திருவிழாவின் கடைசி நாள். கோயில் மைதானத்தில் ரிங்கு கட்டியிருந்தது. தென்னைமரத்தில் ஏறினவர்களின் எடை தாங்காமல் தேங்காய்கள் தானாகவே இறங்கி வந்தன.

வடக்கு மூலையில் குருசு வாத்தியார். தெற்கு மூலையில் தஸ்நேவிஸ் வாத்தியார். இருவரும் ஒருவரை ஒருவர் பார்க்காமல் பார்த்துக்கொண்டார்கள்.

ஞானப்பூ முதல் வரிசையில் இருந்தாள். தெற்கு மூலையில் தன் எவர்சில்வர் வாளி நிற்பதைக் கண்டாள். அதன்பிறகு அவள் கண் அதைவிட்டு நகரவில்லை.

“தண்ணி லாரி வந்துட்டுடோய்!” என்று யாரோ கத்தினார்கள். மைதானம் சிரித்தது.

முதல் ரவுண்டில் இஞ்ஞாசி அடித்தது குறைவு. விலகினான், தாங்கினான், காத்திருந்தான். கதவு திறக்கவில்லை. பெலவேந்திரனுக்கு இன்னும் களைப்பு வரவில்லை.

இரண்டாவது ரவுண்டில் பெலவேந்திரன் அவனைக் கயிற்றில் சாய்த்துவிட்டான். விலாவில் இரண்டு, நெற்றியில் ஒன்று. தெற்குச் சனம் எழுந்து நின்றுவிட்டது. பெலவேந்திரன் பெரிய வலக்கையை எடுக்கப்போனான்.

இடக்கை நாலு விரற்கடை இறங்கியது.

இஞ்ஞாசியின் மண்டைக்குள் ப்ளக் என்றது.

தஸ்நேவிஸ் பூட்டிக்கொடுத்த கை போனது. போய்ச் சேர்ந்தது. துறைமுகத்தில் யாராலும் அசைக்க முடியாத பெலவேந்திரன், ஜெபம் சொல்ல வந்தவன் மாதிரி ஒரு முழங்காலில் உட்கார்ந்தான்.

மைதானம் வெடித்தது. மூன்று வருஷமாக விழுந்தவன் விழத்தட்டிவிட்டான்! ரெஃப்ரீ இஞ்ஞாசியை ஒரு மூலைக்குப் போகச் சொல்லிவிட்டு எண்ண ஆரம்பித்தார். இஞ்ஞாசி போனான். மூலையில் நின்று வடக்குச் சனத்தைப் பார்த்தான். தென்னைமரத்தைப் பார்த்தான். ஞானப்பூ பார்க்கிறாளா என்று பார்த்தான். அவள் வாளியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். எட்டு எண்ணியதும் பெலவேந்திரன் எழுந்ததும், ரெஃப்ரீ சண்டையைத் தொடரச் சொன்னதும் இஞ்ஞாசிக்குத் தெரியும். தெரிந்தேதான் நடந்து வந்தான். ஆனால் கோயில் கொடிமரத்தைப் பார்க்கிறவன் மாதிரி நடந்து வந்தான்.

வானம் நன்றாக இருந்தது.

பிறகு அதே வானத்தை அவன் படுத்துக்கொண்டு பார்த்தான்.

*

ரெஃப்ரீயின் விரல்கள் முகத்துக்கு மேலே எண்ணிக்கொண்டிருந்தன. சத்தம் எங்கோ கிணற்றுக்குள்ளிருந்து வந்தது. இஞ்ஞாசி தலையைச் சாய்த்தான். எல்லாம் தலைகீழாகத் தெரிந்தது.

தலைகீழாகத் தஸ்நேவிஸ் தெரிந்தார். அவர் ஒரு விரலை எடுத்துத் தன் தாடைமேல் வைத்தார். அவர் பார்த்தது இஞ்ஞாசியை இல்லை, ரிங்குக்கு இந்தப் பக்கம் நின்ற ஆளை.

இஞ்ஞாசி கண்ணை இந்தப் பக்கம் உருட்டினான். தலைகீழாகக் குருசு தெரிந்தார்.

ஊரறிய இருபது வருஷமாகப் பேசாத குருசு, தஸ்நேவிஸைப் பார்த்து மெல்லத் தலையசைத்தார். கடைக்காரனிடம் சரக்குச் சரியாக வந்துசேர்ந்தது என்று சொல்கிறவன் மாதிரி அசைத்தார்.

“ஆறு,” என்றார் ரெஃப்ரீ.

மூன்று திருவிழாவும் இதே மாதிரித்தான். ஒரு நல்ல அடி அடிப்பான். பிறகு எங்கிருந்தோ இருட்டு வந்து விழும். பெலவேந்திரனின் கிளவுஸில் மந்திரம் இருக்கிறது என்று உப்பளமெல்லாம் சொல்லித் திரிந்தான்.

“ஏழு.”

துருப்பிடித்த விளிம்பில் ஒரு பச்சை வளையம்.

இஞ்ஞாசி ஒரு கையை ஊன்றினான். ஒரு முட்டியை ஊன்றினான். உப்புமூட்டையைத் தூக்குகிற மாதிரி தன்னைத்தானே தூக்கினான். எட்டு என்று சொல்ல வாயைத் திறந்த ரெஃப்ரீ, முன்னால் ஒரு ஆள் நிற்பதைக் கண்டார். அப்புறம் இஞ்ஞாசி மணி அடிக்கும் வரைக்கும் பெலவேந்திரனைக் கட்டிப் பிடித்துக்கொண்டே நின்றான். உறவுக்காரனைக்கூட யாரும் அப்படிப் பிடித்ததில்லை.

*

மூலையில் முக்காலி இருந்தது. குருசு அவன் வாயிலிருந்த ரப்பரை எடுத்தார்.

“வாத்தியாரே.”

“தண்ணி குடி.”

“ஐஸ் கம்பெனியில ஒரு வாளி கெடக்கு.”

“கொப்பளிச்சுத் துப்பு.”

“நம்ம கூடத்து வாளி. பச்சை வளையம் போட்டது.”

“மூச்சை நல்லா இழு.”

“யாரு கொண்டு போனா?”

குருசு துண்டை நனைத்தார். பிழிந்தார். 

“நான்தான்,” என்றார். “மூணு வருஷம் ஆச்சு. சப்பரம் சுத்துற அன்னைக்கு, ஊரெல்லாம் கோயில்ல நிக்கப்ப. அப்படியும் எதுக்க ஒருத்தன் வந்துட்டான். எங்க தண்ணித் தொட்டியில பூனை விழுந்துட்டுன்னு சொன்னேன்.”

“அவருட்ட என்ன கேட்டீய?”

குருசு ஈரத்துண்டை இஞ்ஞாசியின் தாடையில் ஒற்றினார். அங்கே வீங்கியிருந்தது. போன வருஷமும் அதற்கு முந்தின வருஷமும் அங்கேதான் வீங்கியது. விரலை எடுக்காமல் கொஞ்ச நேரம் அப்படியே வைத்திருந்தார்.

இஞ்ஞாசி வாத்தியாரின் கையைப் பார்த்தான். வயசான கை. தேரியைத் தாண்டி ஒரு வாளி.

“வழியில சிந்திச்சா?” என்று கேட்டான்.

“ஒரு சொட்டு சிந்தல,” என்றார் குருசு.

ரப்பரை மறுபடி வாயில் வைத்தார். இஞ்ஞாசி எழுந்து நின்றான். பதினைந்து வருஷமாக வருகிற அந்த வார்த்தை இப்போது வரும் என்று காத்திருந்தான்.

குருசு முக்காலியை எடுத்துக்கொண்டு இறங்கிவிட்டார்.

மணி அடித்தது.

*

எதிரே பெலவேந்திரன் வந்தான். அவனுடைய இடக்கை தாடையில் ஆணி அடித்த மாதிரி ஒட்டியிருந்தது. அவன் காதுக்கும் ஏதோ எட்டியிருந்தது.

இஞ்ஞாசியின் தாடை நெஞ்சுக்குழியில் புதைந்திருந்தது.

ஆளுக்கு ஒரு கதவு இருந்தது, இரண்டும் சாத்தியாகிவிட்டது. பிறகு நடந்தது சண்டை. தஸ்நேவிஸ் தன் வாழ்நாளில் முதல்முறையாகச் சண்டைக்கு நடுவில் முக்காலியைவிட்டு எழுந்து நின்றார் என்று சொல்வார்கள். தென்னைமரத்தில் இருந்தவர்கள் இறங்க மறந்து, மறுநாள் பூசைக்குத்தான் இறங்கினார்கள் என்றும் சொல்வார்கள்.

பெலவேந்திரன் விலாவில் அடித்தான். இஞ்ஞாசி வாங்கினான். இஞ்ஞாசி தோளில் அடித்தான். பெலவேந்திரன் வாங்கினான். யாரும் பின்னால் போகவில்லை. இஞ்ஞாசியின் ஒரு கண் மூடிக்கொண்டது. இன்னொன்று போதும் என்று வைத்துக்கொண்டான். கால்கள் உட்காரலாமா என்று கேட்டன. மணி அடிக்கட்டும் என்றான் அவன்.

நேரம் முடியப்போகிற சமயம். பெலவேந்திரனின் மூச்சு கிழிந்த பாய்மரம் மாதிரி அடித்தது. களைத்துப்போனவன், ஒரே அடியில் முடித்துவிடலாம் என்று பெரிய வலக்கையை எடுத்தான்.

ஆணி கழன்றது. ஒரு கல் உப்பு அளவுக்குத்தான்.

இஞ்ஞாசி அடித்தான்.

அடி எங்கே விழுந்தது என்று அவனுக்குத் தெரியாது. அவன் பார்க்கவில்லை. தாடை நெஞ்சில் இருந்தது, கண் தன்னுடைய பூட்ஸ் கயிற்றில் இருந்தது. பெரிய வலக்கை அவன் தலைமயிரைத் தடவிக்கொண்டு மேலே போனது, காற்று தெரிந்தது. பிறகு பலகை ஒரு தடவை அதிர்ந்தது, உள்ளங்காலில் தெரிந்தது.

மைதானம் எழுந்தது. அவன் பேரைச் சொல்கிற மாதிரி இருந்தது. தாடையில் யாரோ தூண்டிலை மாட்டி மேலே மேலே இழுத்தார்கள்.

இஞ்ஞாசி கொடுக்கவில்லை.

ரெஃப்ரீ தோளைப் பிடித்து அவனை ஒரு மூலைக்குத் தள்ளினார். பூட்ஸ் கயிற்றைப் பார்த்துக்கொண்டே போனான். ரிங்குக் கயிற்றில் முதுகு முட்டியது. நின்றான்.

“ஒண்ணு,” என்றார் ரெஃப்ரீ.

“ரெண்டு.”

“வாத்தியாரே!” என்று இஞ்ஞாசி தன் நெஞ்சைப் பார்த்தே கத்தினான். வாயில் ரப்பரோடு அது குழறியது. “நிமிந்து பாக்கட்டா?”

“நாலு,” என்றார் ரெஃப்ரீ.

“எண்ணி முடியலல,” என்றார் குருசு.